கதலின் கராடியை மறக்கச் சொன்னது யார்?

1964ஆம் ஆண்டு கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகருக்கான விருதைப் பகிர்ந்துகொண்டவர்களில் ஒருவர் ஹங்கேரியின் அந்தல் பாகெர். இரண்டாம் உலகப் போரின்போது தீவிர வலதுசாரிகளின் பக்கம் வெளிப்படையாக நின்றவர். போர் முடியும் தறுவாயில் நாட்டை விட்டு வெளியேறி, அர்ஜென்டினாவில் சில ஆண்டுகள் இருந்துவிட்டு 1956ல் ஊர் திரும்பினார். கம்யூனிஸ்ட் அரசு அவரைச் சேர்த்துக்கொண்டது. மேடை கொடுத்தது, படங்கள் கொடுத்தது, கானுக்கும் அனுப்பியது. அதே ஆண்டுகளில், கெஸ்டபோவின் சிறையில் அடி வாங்கி வெளிவந்த ஒரு நடிகையின் படங்கள் ஹங்கேரியத் திரையரங்குகளில் ஓடவில்லை. வானொலியில் அவர் பாட்டு இல்லை. பத்திரிகைகளில் பெயர் இல்லை. அவர் பிரேசிலின் சாவ் பாலோ நகரில் பெண்களுக்குத் தொப்பி தைத்து விற்றுக்கொண்டிருந்தார்.

அவர்தான் கதலின் கராடி. 1939க்கும் 1944க்கும் இடையில் ஹங்கேரிய சினிமாவில் அவரை மிஞ்சிய நட்சத்திரம் இல்லை. அவரைப் பற்றி அந்த நாட்டில் மூன்று கருத்துகள் உலவிவந்திருக்கின்றன. நடிக்கத் தெரியாதவர், குரலும் முகமும் காப்பாற்றின என்பது விமர்சகர்களின் கருத்து. போர்க்கால மேட்டுக்குடியின் சீரழிவுக்கு அவரே முகம் என்பது 1948க்குப் பிந்தைய அரசின் கருத்து. பாசிசத்தை எதிர்த்து நின்ற வீராங்கனை, தியாகி என்பது 1990க்குப் பிறகு வலுப்பெற்றது. மூன்றிலும் கொஞ்சம் உண்மை இருக்கிறது. மூன்றுமே அவர் வாழ்க்கையின் ஏதோ ஒரு பகுதியைக் கண்டும் காணாமல் விட்டுத்தான் நிற்கின்றன.

1910 டிசம்பர் 8 அன்று புடாபெஸ்டின் தொழிலாளர் பேட்டையான கொபான்யாவில் பிறந்தவர். இயற்பெயர் கதலின் கான்ட்ஸ்லர். அப்பா செருப்புத் தைப்பவர், வீட்டில் ஏழு பிள்ளைகள். முதல் உலகப் போருக்குப் பிறகு ஹங்கேரியின் ஏழைக் குழந்தைகளை ஸ்விட்சர்லாந்துக்கும் நெதர்லாந்துக்கும் அனுப்பி, அங்குள்ள குடும்பங்களில் சில காலம் வளரவிடும் அறச்செயல் திட்டம் ஒன்று நடந்தது. கதலினும் அப்படிப் போனார். ஒருவேளைச் சோற்றுக்கு இழுபறியான வீட்டிலிருந்து போன பிள்ளை, வெள்ளை மேசைவிரிப்பு விரித்துச் சாப்பிடும் வீடுகளைப் பார்த்துவிட்டுத் திரும்பவும் கொபான்யாவுக்கு வந்தது. இருபது வயதில் தன்னைவிட மிக மூத்த ஒரு சுங்க அதிகாரியை மணந்தார், மணம் நிலைக்கவில்லை.

அவரைக் கண்டெடுத்தவர் ஸோல்தான் எஜெட் என்ற பத்திரிகையாளர். சினிமாவும் நாடகமும் பேசும் வாரப் பத்திரிகையின் ஆசிரியர், புடாபெஸ்டின் இரவு விடுதிகளில் எல்லோரையும் தெரிந்தவர், யாரைத் தூக்கலாம் யாரைக் கவிழ்க்கலாம் என்ற கணக்கு கையில் இருந்தவர். கராடி என்ற பெயரே அவர் கொடுத்தது. நடிப்புப் பயிற்சி, உடை, பேச்சு, பத்திரிகையில் படம் என்று ஒவ்வொன்றாக ஏற்பாடு செய்தார். கராடி முதல் படத்தில் தோன்றும்போதே அவரைப் பற்றிய பேச்சு ஊரில் இருந்தது. இதைச் சொல்லி, அவரைப் பத்திரிகை உருவாக்கிய பொம்மை என்று தள்ளிவிடுவது எளிது. எஜெட் வேறு பலரையும் தூக்கிவிடப் பார்த்திருப்பார். அவர்களில் ஒருவர்கூட இப்படி நிற்கவில்லை.

அந்த முதல் படம் 1939 டிசம்பரில் வெளிவந்த 'ஹலாலோஷ் தவஸ்'. தமிழில் 'கொல்லும் வசந்தம்' எனலாம். லயோஷ் ஸிலாஹியின் நாவல், லாஸ்லோ கல்மாரின் இயக்கம், கதாநாயகன் பால் யாவோர். யாவோர் அந்நாளைய ஹங்கேரியின் ஆண் அழகுக்கு இலக்கணம், மீசையோடு சேர்த்து. கதை சிக்கலானதல்ல. படித்த இளைஞன் ஒருவன் பெரிய இடத்துப் பெண் எடித்திடம் மனதைப் பறிகொடுக்கிறான். அவள் வருகிறாள், போகிறாள், அவனை வைத்து விளையாடுகிறாள். நல்ல பெண் ஒருத்தி அவனுக்காகக் காத்திருக்கிறாள். எடித் மறுபடி வந்ததும் அதுவும் குலைகிறது. முடிவில் அவன் தன்னையே சுட்டுக்கொள்கிறான். ஹங்கேரியில் அதற்கு முன் எத்தனையோ காதல் படங்கள் வந்திருந்தன. பெரும்பாலானவை வங்கி முதலாளியும் தட்டச்சுப் பெண்ணும் சந்தித்துக் கல்யாணத்தில் முடியும் இன்பியல் கதைகள். 1934ல் வந்து சக்கைப்போடு போட்ட 'மெஷெஔதோ' அந்த வகைக்கு உச்சம். அந்தப் பெண்கள் சிரித்தார்கள், கண்ணீர் விட்டார்கள், கடைசியில் கைப்பிடித்தார்கள். எடித் யாரையும் கைப்பிடிக்க வரவில்லை. தனக்கு என்ன வேண்டும் என்று தெரிந்த, அதற்கு விளக்கம் சொல்லத் தேவையில்லை என்று நினைக்கும் பெண் ஹங்கேரியத் திரைக்குப் புதிது. பழமைவாதப் பத்திரிகைகளுக்கு எரிச்சல். இளம்பெண்களுக்கு ஒரே மோகம். அவர் தலைவாரும் விதம், தொப்பி சாய்க்கும் கோணம், உடையின் கழுத்து வெட்டு எல்லாம் தையல்கடைகளுக்குள் போயின.

கராடி நல்ல நடிகையா என்ற கேள்விக்கு என் பதில், பாதி ஆம். வேகமான உரையாடலிலும் நகைச்சுவையிலும் அவர் தடுமாறுவது கண்ணுக்குத் தெரிகிறது. உணர்ச்சி மாற்றங்களை முகத்தில் படிப்படியாகக் கொண்டுவரும் வித்தை அவரிடம் இல்லை. ஆனால் கேமரா நெருங்கி வந்து நிற்கும்போது அவர் எதையும் செய்வதில்லை; அந்தச் செய்யாமையில் ஒரு பலம் இருக்கிறது. மேடையில் பழகிய சக நடிகர்கள் புருவத்தையும் கையையும் ஓயாமல் ஓட்டிக்கொண்டிருக்க, அவர் அசையாமல் நிற்கிறார். பார்ப்பவர் கண் தானாக அவரிடம் போய்விடுகிறது. பிறகு அந்தக் குரல். கிட்டத்தட்ட ஆணின் தாழ்ந்த தளம், கொஞ்சம் கரகரப்பு, பாட்டு என்று சொல்லவும் முடியாது, பேச்சு என்று சொல்லவும் முடியாது. வரியைத் தாளத்துக்குச் சற்றுப் பின்னால் விட்டு, முடிவை மூச்சில் கரைத்துவிடுவார். மார்லின் டீட்ரிக்கோடும் ஸாரா லியாண்டரோடும் அவரை ஒப்பிடுவார்கள். ஒப்பீடு தவறில்லை, ஆனால் அவர்களிடம் உள்ள கிண்டல் இவரிடம் இல்லை. கராடி பாடும்போது எல்லாம் நிஜமாகவே முடிந்துபோய்விட்டது போலத்தான் இருக்கும்.

இந்தக் குரல் அந்த ஆண்டுகளில் ஏன் அப்படி எடுபட்டது என்பதற்குச் சந்தை ஒரு காரணம், சாவு இன்னொரு காரணம்.

முதலில் சந்தை. 1938 மே மாதம் வந்த முதல் யூத எதிர்ப்புச் சட்டம், நாடக, திரைத்துறைக் கழகத்தில் யூதர்களின் பங்கை 20 சதவீதத்துக்குள் அடக்கியது. அடுத்த ஆண்டின் சட்டம் அதை 6 சதவீதமாக வெட்டியது. ஹங்கேரிய சினிமாவை எழுதியவர்கள், இயக்கியவர்கள், தயாரித்தவர்களில் பெரும்பகுதியினர் ஒரே அடியில் வீதிக்கு வந்தார்கள். நாட்டின் மிகப் பெரிய நகைச்சுவை நடிகர் ஜூலா கபோஷ் 1939ல் அமெரிக்கா போனார். 1941ல் நியூயார்க்கில் இறந்தார். ஹாலிவுட்டில் சிசில் பி. டிமில்லின் படத்தில் நடித்துவிட்டு ஊர் திரும்பிய பிரான்சிஸ்கா கால் போர்க்காலத்தை ஒளிந்து கழிக்க நேர்ந்தது. காலியான இடங்களைப் பிறர் நிரப்பினார்கள். 1941 இறுதியில் அமெரிக்காவோடு போர் மூண்ட பின் அமெரிக்கப் படங்கள் வருவதும் நின்றது. உள்ளூர்ப் படங்களுக்குப் போட்டியே இல்லை. தயாரிப்பு ஆண்டுக்கு 40 படங்களைத் தாண்டியது. ஜெர்மனி, இத்தாலிக்கு அடுத்தபடியாக ஐரோப்பாவில் அதிகப் படம் எடுத்த நாடுகளில் ஹங்கேரியும் ஒன்றாக இருந்த காலம் அது. கராடியின் ஏற்றம் இந்த வெற்றிடத்தில் நடந்தது. அவர் இந்தச் சட்டத்தைக் கேட்டு வாங்கியவரல்லர், ஆனால் அதன் நிழலில்தான் வளர்ந்தார். அவரைத் தியாகியாகக் கொண்டாடுகிறவர்கள் இந்தப் பக்கத்தை வேகமாகப் புரட்டிவிடுகிறார்கள்.

அடுத்தது சாவு. 1942ல் ஹங்கேரி சுமார் 2 லட்சம் பேர் கொண்ட இரண்டாம் படையைச் சோவியத் களத்துக்கு, டான் ஆற்றங்கரைக்கு அனுப்பியது. 1943 ஜனவரியில் செம்படை உடைத்துக்கொண்டு வந்தபோது அந்தப் படை பனியில் சிதறியது. வீட்டுக்கு வீடு திரும்பி வராத ஆள் ஒருவர். அப்போது வானொலியில் ஒலித்தது கராடியின் பாட்டு.  அரசு கேட்ட வீரப்பாட்டு அது இல்லை. போருக்கு எதிரான பாட்டும் இல்லை. ஒரு பெண், போனவனை நினைத்துத் தாழ்ந்த குரலில் பாடுகிறாள், அவ்வளவுதான். அதற்கு மேல் அந்த ஆண்டு எதுவும் தேவைப்படவில்லை.

படங்கள் சடசடவென வந்தன. ஐந்தே ஆண்டுகளில் 20ஐ நெருங்கும் எண்ணிக்கை. பேரரசி எலிசபெத்தாக ஒரு படம், பதினெட்டாம் நூற்றாண்டுக்குப் பின்னோக்கிப் பறக்கும் 'ஸிரியுஸ்'ஸில் இத்தாலியப் பாடகியாக ஒரு படம், பல மறக்கத்தக்க படங்கள். நிற்கக்கூடியது 1943ன் 'வொலொமித் விஸ் ஓ வீஸ்', நீர் எதையோ கொண்டுபோகிறது என்று பொருள். இதுவும் ஸிலாஹியின் நாவல். குஸ்தாவ் ஓலாஹோடு சேர்ந்து ஸிலாஹியே இயக்கினார். டான்யூப் கரையில் மனைவியோடு வாழும் மீனவன் ஒருவன் ஆற்றிலிருந்து ஒரு பெண்ணை மீட்கிறான். யாரென்று தெரியாது, எங்கிருந்து வந்தாள் என்று சொல்லமாட்டாள். பெயர் அனாதா. அவள் வீட்டில் இருக்க இருக்க மீனவனின் குடும்பம் அடித்தளத்தோடு ஆட்டம் காண்கிறது. கராடிக்கு இதில் வசனம் குறைவு, அதுவே வரமாகிவிட்டது. ஆற்று வெளிச்சத்தில் அவர் முகமும் மீனவனாக வரும் யாவோரின் திணறலும் படத்தைத் தூக்கி நிறுத்துகின்றன. இதே நாவலை யான் காதாரும் எல்மார் க்லோஸும் 1960களின் இறுதியில் செக்கோஸ்லோவாகியாவில் மறுபடி எடுத்தார்கள். அது வேறு வகையில் நல்ல படம், ஆனால் அந்த ஆற்றுப் பெண்ணுக்கு அங்கே கராடியின் கனம் இல்லை.

1944ல் வந்தது 'மசித்தா'. அதில் கராடி ஆசியாவிலிருந்து வரும் உளவாளி. அழகையும் பாட்டையும் காட்டி ராணுவ ரகசியத்தைக் கவர வருகிறவள். மட்டமான படம். அதே ஆண்டில் கெஸ்டபோ கராடியைக் கைது செய்தது, உளவு பார்த்ததாகச் சந்தேகித்து. சினிமாக்காரர்கள் எழுதியிருந்தால் நம்பத் தகாதது என்று வெட்டியிருப்போம்.

காரணம் இஷ்த்வான் உய்ஸாஸி. ராணுவத்தின் உளவுப் பிரிவுக்குத் தலைவராக இருந்து, 1942 முதல் உள்நாட்டு அரசுப் பாதுகாப்பு மையத்தின் பொறுப்பை ஏற்ற தளபதி. கராடியின் காதலர், மணக்கவிருந்தவர். ஹங்கேரியின் ஆட்சியாளர் மிக்லோஷ் ஹோர்த்தி ஜெர்மனியின் கூட்டாளியாக இருந்துகொண்டே, பிடி தளர்ந்த போரிலிருந்து எப்படி நழுவலாம் என்று நேசநாடுகளிடம் இரகசியமாகத் தூது விட்டுக்கொண்டிருந்தார். அந்தத் தூதில் உய்ஸாஸிக்கும் பங்கு இருந்தது. விஷயம் பெர்லினுக்கு எட்டியிருந்தது. 1944 மார்ச் 19 அன்று ஜெர்மானியப் படை ஹங்கேரியை ஆக்கிரமித்தது. ஏப்ரலில் கராடியை வீட்டிலிருந்து கொண்டுபோனார்கள். மூன்று மாதம் சிறை. விசாரணை என்ற பெயரில் அடி; பற்கள் உடைந்தன. வெளியே வந்தபோது வீடு சூறையாடப்பட்டிருந்தது.

கராடி உண்மையிலேயே உளவாளியா? இதைப் பற்றி எழுதியவர்களுக்கு ஆசை அதிகம், ஆதாரம் குறைவு. உளவுத்துறைத் தலைவரின் காதலிக்குப் பல இரகசியங்கள் காதில் விழுந்திருக்கும். அதைத் தாண்டி அவரை ஒரு முகவராக நிறுத்தும் கதைகள் 'மசித்தா'விலிருந்து கடன் வாங்கியவை போலத்தான் இருக்கின்றன. நடிகையையும் பாத்திரத்தையும் பிரித்துப் பார்க்கத் தெரியாத ரசிகர்களைக் குறை சொல்கிறோம். கெஸ்டபோவும் சில வரலாற்று எழுத்தாளர்களும் அந்த விஷயத்தில் ரசிகர்களுக்குச் சற்றும் குறைந்தவர்கள் இல்லை.

1944 அக்டோபரில் ஹோர்த்தி போரிலிருந்து விலக முயன்று தோற்றார். ஜெர்மனியர்கள் ஃபெரென்ஸ் ஸாலாஷியின் பாசிச அம்புச் சிலுவைக் கட்சியை ஆட்சியில் அமர்த்தினார்கள். அந்தக் குளிர்காலத்தில் கட்சிக் குண்டர்கள் புடாபெஸ்ட் யூதர்களைக் கூட்டம் கூட்டமாக டான்யூப் கரைக்கு ஓட்டிக்கொண்டுபோய்ச் சுட்டு ஆற்றில் தள்ளினார்கள். சுடும் முன் செருப்பைக் கழற்றச் சொன்னார்கள். செருப்புக்கு விலை இருந்தது. அந்தக் கரையில் இன்று இரும்பில் வார்த்த 60 ஜோடிச் செருப்புகள் நினைவுச்சின்னமாக நிற்கின்றன. கராடி அந்தக் கரைக்குப் போனார். கையில் இருந்த தங்க நகைகளைக் குண்டர்களிடம் கொடுத்து யூதக் குழந்தைகளை மீட்டு, தன் வீட்டுக்குக் கொண்டுவந்து வைத்துக்கொண்டார். தெரிந்த யூதக் குடும்பங்களுக்கும் புகலிடம் கொடுத்தார். சில மாதம் முன்புதான் சிறையில் பல் உடைந்தவர், மறுபடி பிடிபட்டால் என்ன ஆகும் என்று தெரிந்தவர் செய்த வேலை இது. மேலே சொன்ன வெற்றிடத்தில் ஏறியவர் என்ற கணக்கை இது அழித்துவிடாது. ஆனால் அந்தக் கணக்கை மட்டும் வைத்து அவரை எடைபோடுவதும் இதற்குப் பிறகு முடியாது.

போர் முடிந்தது. உய்ஸாஸி சோவியத் கைகளில் சிக்கினார். 1948ல் ஹங்கேரியின் அரசியல் காவல்துறையிடம் திருப்பி ஒப்படைக்கப்பட்டு, அதன் அறைகளில் பக்கம் பக்கமாக வாக்குமூலம் எழுதினார். பிறகு காணாமல் போனார். கராடி நெடுங்காலம் அவருக்காகக் காத்திருந்தார் என்பார்கள்.

கராடிக்கு வேலை கிடைத்தது, ஆனால் முன்போல இல்லை. 1948ல் திரைத்துறை அரசுடைமையானது. 1949ல் 'ஃபொர்ரோ மெசோக்' என்ற படம், ஜிக்மோந்த் மோரிட்ஸின் நாவலைத் தழுவியது. அதுவே அவருடைய கடைசிப் படம். புதிய சினிமாவுக்கு டிராக்டர் ஓட்டும் கதாநாயகி வேண்டியிருந்தாள். கராடி டிராக்டர் ஓட்டுவதை அவருடைய எதிரிகள்கூடக் கற்பனை செய்திருக்க மாட்டார்கள். 1951ல் எல்லை தாண்டி ஆஸ்திரியா போனார். ஐரோப்பாவில் சிறிது காலம் அலைந்து, 1953ல் சாவ் பாலோ. அங்கே தொப்பிக் கடை. 1968ல் நியூயார்க். அங்கேயும் தொப்பிக் கடை. புலம்பெயர் ஹங்கேரியர்களின் கூட்டங்களில் முன்பெல்லாம் அவ்வப்போது பாடியதுண்டு. பிறகு அதுவும் நின்றது. பேட்டி தருவதில்லை, படம் எடுக்க விடுவதில்லை. உச்சத்தில் இருந்தபோது ஊரெல்லாம் அவர் தொப்பியைப் பார்த்துத் தைத்தது. பின்பாதி வாழ்க்கையை அந்தத் தொப்பிதான் சோறு போட்டு நடத்தியது.

இங்கேதான் தொடக்கத்தில் சொன்ன பாகெரின் கதையை வைத்துப் பார்க்க வேண்டும், கூடவே ஸீதா ஸெலெத்ஸ்கியின் கதையையும். ஸெலெத்ஸ்கி கராடிக்கு நேர் எதிரான நட்சத்திரம்: பொன்னிறக் கூந்தல், துறுதுறுப்பு, பக்கத்து வீட்டுப் பெண். போரின் கடைசி மாதங்களில் சோவியத்துக்கு எதிரான நிகழ்ச்சிகளில் கவிதை படித்தார். போரின் முடிவில் நாட்டைவிட்டுப் போனார். 1948ல் மக்கள் நீதிமன்றம் அவர் இல்லாமலேயே அவரைத் தண்டித்தது. தீர்ப்பு ரத்தானது 1993ல். பால் யாவோர் அம்புச் சிலுவையினரிடம் சிறைப்பட்டு ஜெர்மனிக்குக் கொண்டுபோகப்பட்டவர். போருக்குப் பின் அமெரிக்கா போய்ச் சோபிக்காமல் 1957ல் திரும்பினார், இரண்டே ஆண்டில் இறந்தார். அரசு அவரைத் தடுக்கவில்லை. இவர்களை வரிசையாக நிறுத்திப் பார்த்தால், போரில் யார் எந்தப் பக்கம் நின்றார்கள் என்பது கம்யூனிஸ்ட் அரசின் மறதியைத் தீர்மானிக்கவில்லை என்பது தெரிகிறது. திரும்பி வந்து கேட்டவருக்கு மன்னிப்பு இருந்தது. வராதவருக்குப் பெயரே இல்லை. கராடி வரவில்லை, கேட்கவும் இல்லை. நடிப்புத் திறன் மிக்க பாகெர் புதிய படங்களுக்கு உபயோகப்பட்டார் என்பதும் உண்மை. கராடி திரும்பியிருந்தாலும் அவரை வைத்து என்ன செய்வது என்று அவர்களுக்குத் தெரிந்திருக்காது.

தடை அவருக்கு ஒரு நன்மையும் செய்தது. ரசிகர்கள் இதை ஒப்புக்கொள்வதில்லை. படங்கள் ஓடியிருந்தால் மட்டமானவற்றின் மட்டம் தெரிந்திருக்கும். ஓடாததால், அவரைப் பார்த்த தலைமுறை தன் இளமையை எல்லாம் அவர் தலையில் ஏற்றி வைத்துப் பேசியது. பார்க்காத தலைமுறை அதைக் கேட்டு வளர்ந்தது. 1970களின் இறுதியில் கெடுபிடி தளர்ந்து பழைய படங்களும் இசைத்தட்டுகளும் மெல்ல வெளிவந்தபோது அவர் நடிகை என்ற நிலையைத் தாண்டிப் போயிருந்தார். 1980ல் எழுபதாவது பிறந்தநாளையொட்டிப் புடாபெஸ்டுக்கு அழைத்தார்கள். வரவில்லை, தனக்குப் பதிலாக ஒரு தொப்பியை அனுப்பி வைத்தார் என்பது இன்றும் அங்கே சொல்லிச் சிரிக்கும் கதை. எனக்கு அதில் சிரிப்பைவிடக் கறார்தான் தெரிகிறது. இருபத்தெட்டு வயதில் எஜெட் உருவாக்கிக் கொடுத்த கராடி வேண்டுமா, எடுத்துக்கொள்ளுங்கள். எழுபது வயதுப் பெண்ணை விடுங்கள்.

1990 பிப்ரவரி 8 அன்று நியூயார்க்கில் இறந்தார். ஆட்சி மாறிக்கொண்டிருந்த மாதங்கள் அவை. உடல் புடாபெஸ்டுக்கு வந்து, புனித ஸ்தேவான் பேராலயத்தில் வைக்கப்பட்டு, ஃபர்கஷ்ரேதி கல்லறைத் தோட்டத்தில் அடக்கமானது. 2001ல் இயக்குநர் பீட்டர் பாச்சோ அவர் வாழ்க்கையைத் தழுவி, அவருடைய புகழ்பெற்ற பாட்டொன்றின் தலைப்பிலேயே 'ஹம்வதோ சிகரெத்தவேக்' படத்தை எடுத்தார். 2004ல் ஜெருசலேமின் யாத் வஷேம் நிறுவனம், யூதர்களைக் காத்த பிற இனத்தாருக்குத் தரும் 'நாடுகளிடையே நேர்மையாளர்' பட்டத்தை அவருக்கு அளித்தது. நகை கொடுத்துக் குழந்தைகளை மீட்டதை அவர் உயிரோடிருந்தபோது விளம்பரம் ஆக்கிக்கொண்டதில்லை. தன் பெயரை விற்க ஆயிரம் வழி தெரிந்த தொழிலில் இருந்தவர் இதை மட்டும் விற்கவில்லை.

புதிதாகப் பார்க்க வருகிறவர்களுக்கு ஒரு யோசனை: 'கொல்லும் வசந்த'த்தில் தொடங்க வேண்டாம். அது வரலாற்றுக்கு முக்கியம், ஆனால் இன்று பார்க்கக் கொஞ்சம் பொறுமை வேண்டும். யாவோரின் துயரம் நீண்டுகொண்டே போகும். ஆற்றுப் படத்தில் தொடங்கலாம். பிடித்திருந்தால் 'ஸிரியுஸ்', ஆடை அலங்காரத்துக்காகவாவது. 'மசித்தா'வைக் கடைசியில், அவர் வாழ்க்கை தெரிந்த பிறகு பார்க்கலாம். அந்தப் படத்தில் உளவாளிப் பெண்ணைத் துரத்தும் அதிகாரிகள் எல்லோரும் நல்லவர்கள், நாகரிகமானவர்கள்.